விழுந்தவரை நோக்கி விரையும் கால்கள்

வட அமெரிக்காவின் மேற்குக் கரையிலுள்ள லாஸ் ஏஞ்சல்ஸ் மாநகரின் நடுவே, வில்ஷயர் நெடுஞ்சாலையை ஒட்டி, ஹான்காக் பூங்கா என்னும் புல்வெளி ஒன்று உண்டு. அங்குள்ள ஒரு குளம் காண்போரைச் சற்றே தயங்கி நிற்கச் செய்யும். நீர் கருமையாக இருக்கிறது. அதன்மேல் எண்ணெய்ப் படலம் மிதக்கிறது. இடையிடையே பெருங்குமிழிகள் எழுந்து, நீரைப் பிளந்து வெடிக்கின்றன. அழுகிய முட்டையின் நாற்றம் காற்றில் கலந்து வருகிறது. கொதிக்கும் கொப்பரைபோல் தோன்றினாலும் அந்நீரில் கொதிப்பு இல்லை. நிலத்தின் ஆழத்திலிருந்து மேலேறி வரும் மீத்தேன் வாயுவே அவ்வாறு குமிழியிடுகிறது. முற்காலத்து யானையொன்று அதில் சிக்கித் தவிப்பதாகவும், அதன் குட்டி கரையில் நின்று கதறுவதாகவும் அங்கே சிலைகள் அமைத்திருக்கின்றனர்.

அவ்விடத்தின் பெயர் லா பிரேயா. ஸ்பானிய மொழியில் 'கீல்' என்பதே அச்சொல்லின் பொருள். 1769ஆம் ஆண்டு ஆகஸ்டு 2ஆம் நாள், போர்த்தோலா என்பவரின் தலைமையில் வந்த ஸ்பானியக் குழுவினர் அப்பகுதியின் ஆற்றங்கரையில் தங்கினர். அது வானதூதர்களின் அன்னையின் திருநாள். ஆற்றுக்கு அவ்வன்னையின் பெயரையே சூட்டினர். இன்றைய மாநகரின் பெயர் அதன் வழியாக வந்ததே. அக்குழுவில் இருந்த பிரான்சிஸ்கன் துறவி அருட்தந்தை ஹுவான் கிரெஸ்பி, நிலத்திலிருந்து ஊற்றைப்போல் பொங்கும் கீலைப் பற்றித் தம் நாட்குறிப்பில் எழுதி வைத்தார். ஐரோப்பியர் வருவதற்கு நெடுங்காலம் முன்பே அம்மண்ணின் குடிகளான தோங்வா மக்கள் அக்கீலை எடுத்துத் தம் பலகைப் படகுகளின் இடுக்குகளை அடைத்து வந்தனர். கூடைகளில் பூசி, நீர் ஒழுகாமல் காத்து வந்தனர்.

கீலும் வாயுவும்

தார் என்று வழங்கினும் அது தார் அன்று. தார் என்பது நிலக்கரியையும் மரத்தையும் மனிதர் காய்ச்சி எடுப்பது. இதுவோ இயற்கையான நிலக்கீல். பல இலட்சம் ஆண்டுகளுக்கு முன் அப்பகுதியைக் கடல் மூடியிருந்தது. அக்கடலில் வாழ்ந்து மடிந்த நுண்ணுயிர்கள் வண்டலில் புதையுண்டு, வெப்பத்தாலும் அழுத்தத்தாலும் எண்ணெயாக மாறின. நிலத்தின் பிளவுகள் வழியே அவ்வெண்ணெய் மேலே கசிகிறது. அதிலுள்ள மென்பகுதி காற்றில் ஆவியாகிவிட, எஞ்சுவது கருநிறமான ஒட்டும் பொருள். எண்ணெயோடு உடன்வரும் மீத்தேனே குமிழிகளாக வெளிப்படுகிறது. 2007ஆம் ஆண்டில் கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தின் ரிவர்சைடு வளாகத்து ஆய்வாளர்கள், நீரும் உயிர்வளியும் அரிதான அந்நிலக்கீலின் உள்ளேயே, அதுவரை அறியப்படாத பற்பல வகைப் பாக்டீரியாக்கள் வாழ்வதைக் கண்டறிந்தனர். எண்ணெயைச் சிதைத்து உண்டு வாழும் உயிர்களும் அக்குமிழிகளுக்குக் காரணமாகலாம் என்பது அவர்கள் கருத்து.

இக்குழிகளைப் பற்றி நம் மனத்தில் எழும் படம் பெரும்பாலும் தவறானது. யானையையே விழுங்கும் ஆழமான கருங்கிணறு ஒன்றை நாம் கற்பனை செய்துகொள்கிறோம். உண்மையில் சில அங்குல ஆழமே போதுமானதாக இருந்தது. வெயில் காலத்தில் நிலக்கீல் இளகும்; காற்றில் வந்த தூசியும் உதிர்ந்த இலைகளும் அதன்மேல் படியும். பார்ப்பதற்கு அது வெறும் தரை. கால் வைத்த விலங்கு, ஒரு காலை விடுவிக்க முயன்று மறு காலை ஊன்றும், அதுவும் ஒட்டிக்கொள்ளும். ஈ பிடிக்கும் பசைத்தாளில் ஈ அகப்படுவது போன்றதே இது. விலங்குகள் மூழ்கி இறக்கவில்லை. நின்ற இடத்திலேயே பசியாலும் தாகத்தாலும் களைப்பாலும் மடிந்தன. அல்லது வேறு விலங்குகளுக்கு இரையாயின. எலும்புகளில் கீல் ஊறி, ஆயிரமாயிரம் ஆண்டுகள் அவை அழியாமல் காக்கப்பட்டன.

ஒரு வியத்தகு கணக்கு

1901ஆம் ஆண்டில் வில்லியம் ஆர்கட் என்ற நிலவியலாளர் இவ்வெலும்புகளின் அருமையை உணர்ந்தார். 1913 முதல் 1915 வரை லாஸ் ஏஞ்சல்ஸ் மாவட்ட அருங்காட்சியகத்தினர் அங்கே பெருமளவில் தோண்டினர். நிலத்தின் உரிமையாளரான ஜார்ஜ் ஆலன் ஹான்காக், அதைப் பின்னர் பொதுமக்களுக்கே வழங்கினார். 1977இல் அவ்விடத்திலேயே அருங்காட்சியகம் ஒன்று திறக்கப்பட்டது. இன்றுவரை கிடைத்துள்ள புதைபடிவங்கள் 35 இலட்சத்திற்கும் மேற்பட்டவை. அவற்றுள் பழமையானவற்றின் வயது ஏறத்தாழ 50,000 ஆண்டுகள்.

எலும்புகளை எண்ணிப் பார்த்தவர்கள் வியப்படைந்தனர். எந்தக் காட்டிலும் புல் தின்னும் விலங்குகளே மிகுதி. அவற்றைக் கொன்று தின்னும் விலங்குகள் சிலவே. நூறு மான்கள் வாழும் காட்டில் சில புலிகள்தாம் வாழ இயலும். ஆனால் லா பிரேயாவில் கிடைத்த பாலூட்டிகளில் ஏறத்தாழ 90 விழுக்காடு ஊன் உண்பவை! இன்று அற்றுப்போன பேரோநாய்கள் மட்டும் 4,000க்கு மேல். அவற்றின் மண்டையோடுகளில் ஏறத்தாழ 400ஐ ஒரு சுவர் முழுவதும் வரிசையாக அடுக்கி, அருங்காட்சியகத்தில் வைத்திருக்கின்றனர். வாள்போல் நீண்ட கோரைப்பற்களைக் கொண்ட வாட்பல் புலிகள் 2,000க்கு மேல். குதிரை, ஒட்டகம், காட்டெருது ஆகியவை அவற்றோடு ஒப்பிட மிகச் சிலவே. பறவைகளிலும் கழுகு முதலான வேட்டைப் பறவைகளே மிகுதி.

ஏன் இந்தத் தலைகீழ்க் கணக்கு? விளக்கம் எளியது. காட்டெருது ஒன்று கீலில் சிக்குகிறது. ஓட இயலாமல் கதறுகிறது. அக்கதறல் வெகுதூரம் கேட்கிறது. ஓநாய்க் கூட்டம் விரைந்து வருகிறது, புலி வருகிறது, வானத்தில் கழுகு வட்டமிடுகிறது. முயற்சியின்றிக் கிடைத்த உணவு! பாய்ந்தவை அனைத்தும் ஒட்டிக்கொள்கின்றன. அவற்றின் கதறல் இன்னும் சிலவற்றை அழைக்கிறது. வழி தவறி விழுந்தது ஒன்று. அதன் வீழ்ச்சியில் ஆதாயம் தேடி வந்து விழுந்தவை பல. பத்தாண்டுக்கு ஒருமுறை இத்தகைய நிகழ்ச்சி நடந்திருந்தாலே போதும், இத்தனை எலும்புகள் சேர்ந்துவிடும் என்கின்றனர் ஆய்வாளர்கள்.

விலங்குக்குக் குற்றமில்லை, நமக்கு?

ஓநாயை நாம் பழிக்க இயலாது. பசித்தது, வந்தது. அதற்கு வேறு அறம் விதிக்கப்படவில்லை. ஆயினும் அக்கணக்கை அறிந்தபின் நம்மைப் பற்றியே ஒரு கேள்வி எழுகிறது. ஒருவர் விழுந்துவிட்டார் என்ற செய்தி காதில் விழும்போது நம் கால்கள் விரைகின்றனவே, எதற்காக விரைகின்றன?

கடனில் மூழ்கிய ஒருவர் வீட்டை விற்க முயல்கிறார் என்று அறிகிறோம். அன்று மாலையே நாலைந்து பேர் அவர் வாயிலில் நிற்கின்றனர். வருத்தம் தெரிவிக்கின்றனர், பிறகு விலை கேட்கின்றனர். இன்னும் ஒரு வாரம் பொறுத்தால் விலை மேலும் இறங்கும் என்று ஒருவர் கணக்கிடுகிறார். நோயாளியின் மருத்துவச் செலவுக்கு இரவோடிரவாகப் பணம் தேடும் மகனுக்குக் கிடைக்கும் வட்டி விகிதம், பகலில் சாவகாசமாகக் கேட்பவருக்குக் கிடைக்கும் விகிதமாக இருப்பதில்லை. பணம் சாராத வேட்டையும் உண்டு. ஒரு குடும்பத்தில் மானக்கேடு நேர்ந்ததென்றால், ஆறுதல் சொல்வதற்கென்று செல்கிறோம். திரும்பும்போது நாலு வீட்டில் சொல்வதற்குச் செய்தி கொண்டு வருகிறோம். பிறருடைய வீழ்ச்சி நமக்கு ஒருவகை உணவாகிவிடுகிறது.

இதற்கு எதிர்வாதம் ஒன்று உண்டு. அதையும் நேர்மையாகக் கேட்க வேண்டும். யாரேனும் வாங்கினால்தானே அவர் கடன் தீரும்? ஒருவரும் வரவில்லையென்றால் அவர் நிலை இன்னும் மோசமாகாதா? உண்மைதான். துன்பத்தில் இருப்பவரிடம் வாங்குவதே பாவம் என்று எவரும் கூறவில்லை. 13ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த புனித தோமா அக்குவினார், தம் இறையியல் தொகுப்பில் வாங்கல் விற்றல் பற்றி ஆராயும்போது இதைத் தெளிவாக்குகிறார். ஒரு பொருள் வாங்குபவருக்கு மிக இன்றியமையாததாக இருக்கிறது. அதை விற்பதால் விற்பவருக்குத் தனி இழப்பு ஏதுமில்லை. அந்நிலையில் வாங்குபவரின் தேவையைக் காட்டி விலையை உயர்த்துவது தகாது. ஏனெனில் அந்தத் தேவை வாங்குபவருடையது, விற்பவரின் உடைமையன்று. தமக்கு உரியதல்லாததை எவரும் விற்கலாகாது என்பது அவருடைய வாதம்.

இவ்வாதத்தை நாம் மறுபுறமும் திருப்பிப் பார்க்கலாம். விற்பவரின் நெருக்கடியும் வாங்குபவரின் உடைமையன்று. வீட்டுக்கு உரிய விலையைக் கொடுத்து வாங்குபவர் வீட்டை வாங்குகிறார். நெருக்கடியைக் காட்டிப் பாதி விலைக்கு வாங்குபவரோ வீட்டோடு ஒரு மனிதரின் கண்ணீரையும் எடுத்துக்கொள்கிறார். அதற்கு அவர் விலை ஏதும் தரவில்லை. இருவரும் ஒரே வாயிலில்தான் நின்றனர். ஒரே பத்திரத்தில்தான் கையெழுத்திட்டனர். எதை எடுத்துக்கொண்டனர் என்பதில்தான் வேறுபாடு.

ஆதாயம் தேடி வந்தவர் தாமும் சிக்கிக்கொள்கிறார் என்பதைக் கீல் குழி நமக்குக் காட்டுகிறது. ஆனால் வாழ்வில் அவ்வாறு நடப்பதாகத் தெரியவில்லையே, பலர் செழிப்பாகத்தானே வாழ்கின்றனர் என்று கேட்கத் தோன்றும். வெளியே செழிப்பாக இருப்பது உண்மையே. உள்ளே நடப்பது வேறு. ஒருமுறை பிறர் வீழ்ச்சியில் பயனடைந்தவர் அடுத்த வீழ்ச்சிக்காகக் காது கொடுக்கத் தொடங்குகிறார். கதறலைக் கேட்டதும் அவருக்கு முதலில் தோன்றுவது இரக்கமாக இருப்பதில்லை, விலையாக இருக்கிறது. ஒரு காலை எடுக்க மறு காலை ஊன்றும் கதைதான். சில அங்குல ஆழமே போதும்.

மூடி வைத்த மூச்சு

இவ்விடத்தில் அந்நகரில் நடந்த ஒரு நிகழ்ச்சி நினைவுக்கு வருகிறது. லா பிரேயாவிலிருந்து சிறிது தொலைவிலுள்ள ஒரு துணிக்கடையில், 1985 மார்ச் 24 அன்று பெரும் வெடிப்பு நிகழ்ந்தது. 23 பேர் காயமுற்றனர். நிலத்தடியிலிருந்து கசிந்த மீத்தேன், கட்டடத்தின் அடியில் வெளியேற வழியின்றிச் சேர்ந்து, சிறு தீப்பொறியில் வெடித்துவிட்டது. சுற்றியிருந்த நடைபாதையின் பிளவுகளிலும் தீ எரிந்தது. அதன்பின், அப்பகுதியில் சுரங்க இரயில் பாதை தோண்டுவதற்கு நடுவண் அரசின் நிதியைப் பயன்படுத்த 1986இல் தடை விதிக்கப்பட்டது. பாதுகாப்பாகத் தோண்ட வழியுண்டு என்று வல்லுநர் குழு கூறியபின் 2007இல் அத்தடை நீங்கியது. இன்று அப்பகுதிக் கட்டடங்களில் வாயுவை வெளியேற்றும் குழாய்களும், அதைக் கண்டறியும் கருவிகளும் பொருத்தப்படுகின்றன.

பூங்காவின் குளத்தில் எழும் அதே வாயுதான் அக்கடையிலும் வெடித்தது. குளத்தில் அது குமிழியாகி, நாறி, காற்றில் கலந்து போகிறது. குழந்தைகள் வேலிக்கு வெளியே நின்று வேடிக்கை பார்க்கின்றனர். தளம் போட்டு மூடிய இடத்தில் அது வெடிக்கிறது. நம் உள்ளத்தின் பேராசையும் இத்தகையதே. பிறர் துன்பத்தில் ஆதாயம் காணும் எண்ணம் நமக்குள் எழும்போது, அது அவ்வெண்ணமே என்று நாம் ஒப்புக்கொண்டால், நாணத்தோடு அது வெளியேறிவிடக்கூடும். நாமோ அதன்மேல் நல்ல பெயர்களைத் தளமாகப் போடுகிறோம். 'அவருக்கு உதவத்தான் வாங்கினேன்' என்கிறோம். 'அக்கறையால்தான் விசாரித்தேன்' என்கிறோம். மனச்சான்றை ஆய்ந்து பார்ப்பது என்பது அத்தளத்தில் ஒரு துளையிட்டு, கீழே இருப்பதன் நாற்றத்தை நாமே முகர்ந்து பார்ப்பதுதான்.

நொண்டிப் புலி

லா பிரேயாவின் கணக்கு இதோடு முடியவில்லை. நூறாண்டுக்கு முன் தோண்டியெடுத்த எலும்புகளுள் ஒரு வாட்பல் புலியின் உருக்குலைந்த இடுப்பெலும்பும் தொடையெலும்பும் இருந்தன. காயத்தாலோ நோயாலோ அவை அவ்வாறு ஆகியிருக்கும் என்று நெடுங்காலம் எண்ணியிருந்தனர். அண்மையில் அவற்றை சி.டி. ஸ்கேன் எடுத்து ஆராய்ந்தவர்கள் 2021இல் வேறொரு முடிவை வெளியிட்டனர். அது பிறவிக் குறை. இடுப்பு மூட்டின் கிண்ணம் சரிவர அமையாமலே அப்புலி பிறந்திருக்கிறது. குட்டிப் பருவம் முதல் அது நொண்டியே நடந்திருக்கும். பாய்ந்து வேட்டையாடுவது அதற்கு அரிது. ஆயினும் அது முழு வளர்ச்சி பெறும்வரை வாழ்ந்திருக்கிறது. எவ்வாறு? தன் இனத்தோடு கூட்டமாக வாழ்ந்து, பிற புலிகள் கொன்ற இரையில் பங்கு பெற்றிருக்க வேண்டும் என்பது ஆய்வாளர் பலரின் கருத்து.

பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முந்தைய விலங்கின் உள்ளத்தை நம்மால் அறிய இயலாது. அதற்கு அன்பு என்று பெயரிடுவதும் மிகையாகலாம். ஆனாலும் அவ்வெலும்புகள் ஒன்றைச் சொல்கின்றன. வலுவிழந்த ஒன்றின் அருகே வலுவுள்ளவை இருந்தன. அதைத் தின்றுவிடாமல் இருந்தன. கொல்லும் விலங்கின் இனத்திலேயே இது இயலும் என்றால், நம்மிடம் எதிர்பார்க்கப்படுவது எவ்வளவு!

சித்திம் பள்ளத்தாக்கு

கீல் குழிகள் விவிலியத்திலும் இடம்பெறுகின்றன. சாக்கடலில் நிலக்கீல் கட்டிகள் மிதந்து வருவது பண்டைக்காலம் முதலே அறியப்பட்ட செய்தி. தொடக்க நூலின் 14ஆம் அதிகாரம் அப்பகுதியில் நடந்த ஒரு போரைக் கூறுகிறது. சித்திம் பள்ளத்தாக்கு கீல் குழிகள் நிறைந்தது. நான்கு அரசர்கள் ஒருபுறம். சோதோம், கொமோரா முதலிய ஐந்து நகரங்களின் அரசர்கள் மறுபுறம். தோற்று ஓடிய சோதோம், கொமோரா தரப்பினருள் சிலர் அக்குழிகளில் விழுந்தனர். எஞ்சியோர் மலைக்கு ஓடினர். வென்றவர்கள் என்ன செய்தனர்? இரு நகரங்களின் உடைமைகளையும் உணவுப் பொருள்களையும் வாரிக்கொண்டு போயினர். ஆபிராமின் உறவினரான லோத்தையும் அவருடைய உடைமைகளோடு கொண்டுபோயினர்.

செய்தி ஆபிராமுக்கு எட்டுகிறது. அவர் கால்களும் விரைகின்றன. தம் வீட்டில் பிறந்து பயிற்சி பெற்ற 318 பேரோடு பின்தொடர்ந்து சென்று, மக்களையும் உடைமைகளையும் மீட்டுக் கொண்டுவருகிறார். சோதோம் அரசன் பொருள்களையெல்லாம் அவரே வைத்துக்கொள்ளலாம் என்கிறான். ஆபிராம் மறுக்கிறார். ஒரு நூலையோ மிதியடியின் வாரையோகூட எடுத்துக்கொள்ளமாட்டேன் என்று கடவுள்முன் கையுயர்த்தி ஆணையிட்டதாகச் சொல்கிறார். தம்மோடு வந்த இளைஞர்கள் உண்டது போக, கூட்டாளிகளின் பங்கை மட்டும் அவர்கள் பெற்றுக்கொள்ளட்டும் என்கிறார். தமக்கென்று எதுவும் வேண்டாம் என்கிறார்.

இருவகைக் கால்களும் ஒரே அதிகாரத்தில் வருகின்றன. இருதரப்பாரும் சோதோமின் வீழ்ச்சியின் பொருட்டே விரைந்தனர். ஒரு தரப்பார் அள்ளிச் சென்றனர். ஒருவர் மீட்டுத் தந்து வெறுங்கையோடு திரும்பினார். சோதோம் நல்லோர் வாழ்ந்த நகரமன்று என்பதையும் நாம் மறக்கலாகாது. விழுந்தவர் தகுதியுடையவரா என்று ஆபிராம் கேட்டுக்கொண்டிருக்கவில்லை.

நோவாவின் பேழைக்கு உள்ளும் புறமும் பூசப்பட்டதும் கீலே. கைக்குழந்தையான மோசேயை நைல் நதியில் காத்த கோரைப்புல் கூடையின்மீது அவர் தாய் பூசியதும் அதுவே. பற்றிக்கொள்வது அதன் இயல்பு. குழியில் அது உயிரைப் பற்றிக் கொன்றது. கூடையில் பிளவுகளைப் பற்றி ஓர் உயிரைக் காத்தது. நம்மிடமுள்ள பற்றும் அத்தகையதுதான். அதை எங்கே பூசுகிறோம் என்பதே கேள்வி.

உறுதியான தரை

இறுதியாக ஒன்று. உதவும் எண்ணத்தோடு செல்பவரும் சிக்கிக்கொள்வது உண்டு. கீலில் அகப்பட்டதை இழுக்க அதனுள்ளேயே குதிப்பவர் இரண்டாவதாக அகப்படுவார். கடனாளிக்காகத் தாமும் கடன்பட்டு, இரு குடும்பங்கள் அழிந்த கதைகளை நாம் அறிவோம். இரக்கத்தோடு விவேகமும் வேண்டும். ஆபிராம்கூடத் தனியே ஓடவில்லை. ஆட்களைத் திரட்டிக்கொண்டே சென்றார். பலர் சேர்ந்து உறுதியான தரையில் நின்று நீட்டும் கை, ஒருவர் உணர்ச்சிவயப்பட்டு நீட்டும் கையைவிட வலியது. எனினும், சிக்கிக்கொள்வோமோ என்ற அச்சத்தையே காரணமாகக் காட்டித் தொலைவில் நின்றுவிடுவதற்கு விவேகம் என்று பெயரிடலாகாது.

ஹான்காக் பூங்காவில் இன்றும் கீல் கசிகிறது. இன்றும் சிறு பறவைகளும் பூச்சிகளும் அதில் அகப்படுகின்றன. புல்வெளியில் புதிதாக ஓரிடத்தில் கீல் தலைகாட்டினால், பணியாளர்கள் வந்து அதைச் சுற்றித் தடுப்பு வைக்கின்றனர். வருவோர் கால் வைத்துவிடக்கூடாதே என்பதற்காக. யாரும் அதற்கு நன்றி சொல்வதில்லை. விழாதவருக்குத் தாம் விழாமற்போனது தெரியாதன்றோ! வீட்டை விற்கும் நிலைக்கு ஒருவர் வருமுன்பே உண்மையைச் சொல்லி எச்சரிப்பதும், நியாயமான வட்டிக்குக் கடன் கிடைக்க வழிசெய்வதும், ஒரு குடும்பத்தின் மானத்தைப் பற்றிய பேச்சை நம் வாயிலோடு நிறுத்துவதும் இத்தகைய தடுப்பு வைக்கும் பணிகளே.

நாளையோ மறுநாளோ யாரோ ஒருவர் விழுந்த செய்தி நம் காதுக்கு எட்டும். நாமும் எழுந்து செல்வோம். செல்லுமுன் வாயிற்படியில் ஒரு கணம் நின்று, அங்கிருந்து எதை எடுத்துவரப் போகிறோம் என்று நம்மையே கேட்டுக்கொள்வோமாக.